ஆயிரமாவது நாள்

"ஷிமோதா கிளம்பியாச்சா? கார் வாசல்லயே நிக்குது. இன்னைக்கு ஒரு நாள், நாளைக்கு ஒரு நாள். அவ்வளவுதான் கினுயோ!"

மேஸ்திரி இசொகாய் ஷூவைக் கழற்றும்போதே பேச ஆரம்பித்துவிட்டார். பன்னிரண்டு நாளாக இதே காலை ஆறரை மணி. அந்த உருக்காலைக் குடியிருப்பில் கார் வந்து கூட்டிப்போகும் ஒரே தொழிலாளி ஷிமோதாதான். தலையில் கட்டுப் போட்டிருக்கும் அவனை இரண்டு பேர் கைத்தாங்கலாக ஏற்றுவார்கள். கார்டில் நேரம் பதிந்துவிட்டு, ஓய்வறையில் சாயங்காலம்வரை சாய்த்து வைத்திருப்பார்கள். வேலைக்கு வந்துவிட்டானே, அப்புறம் ஏது விபத்து?

ஆலை வாசலில் ஆளுயரப் பலகை ஒன்று உண்டு. 'விபத்தில்லாத நாட்கள்' என்ற எழுத்துக்குக் கீழே நேற்று 998 என்று மாட்டியிருந்தார்கள்.

"அவர் வரலைங்க" என்றாள் கினுயோ, அடுப்படியிலிருந்து திரும்பாமலே.

"அப்படிச் சொல்லாதம்மா. உங்க கல்யாணத்தைப் பேசி முடிச்சவன் நான். உங்களுக்குக் கெடுதல் நினைப்பேனா? ஆயிரம் ஆச்சுன்னா கம்பெனித் தலைவர் கையால கொடி. எல்லாருக்கும் சிவப்புப் பயறு போட்ட சோறு. ஆளுக்கு ஒரு துண்டு."

"துண்டா?"

"ஆலை பேர் போட்ட துண்டு!" இசொகாய் சிரித்தார். பிறகு குரல் இறங்கியது. "கணக்கு அறுந்துபோச்சுன்னா எங்க குழு பதினாறு பேரும் நாலாயிரம் பேர் முன்னாடி தலைகுனிஞ்சு மன்னிப்புக் கேக்கணும். எனக்கு அவமானம்னா பரவாயில்ல. ஷிமோதா அதைத் தாங்குவானா, சொல்லு?"

தாங்க மாட்டான். அது கினுயோவுக்கும் தெரியும். தினமும் காரிலிருந்து இறங்கியதும் அவன் தண்ணீர்கூடக் கேட்கமாட்டான். பலகையில் இன்று எவ்வளவு என்றுதான் கேட்பான். பாழாய்ப்போன விசுவாசம்!

"நேத்து சாயங்காலம் வந்ததுலேருந்து ஒரே வாந்தி. என் பேரே மறந்துபோச்சு அவருக்கு."

"பொண்டாட்டி பேரு எனக்கே பாதி நாள் மறந்துபோகுது. இதுக்கெல்லாம் பயப்படலாமா?"

கினுயோ கிண்ணத்தில் சோற்றைக் கோபுரமாகக் குவித்து, கரண்டியால் தட்டித் தட்டி வைத்தாள்.

"அடேயப்பா, இவ்வளவு சோறா! பசி வந்துடுச்சுன்னா ஆள் தேறிட்டான்னு அர்த்தம்." இசொகாய் மூக்கை உறிஞ்சினார். "ஊதுபத்தி வாசனை வேற. காலங்காத்தாலேயே சாமி கும்பிட்டாச்சா? நல்லது, நல்லது. டேய் ஷிமோதா, எழுந்திருடா! மணி ஆகுது!"

காகிதக் கதவுக்கு அந்தப்பக்கம் சத்தமில்லை.

கினுயோ கிண்ணத்தோடு கதவுக்கு முன்னால் வந்து நின்றாள்.

"மேஸ்திரி, ஒண்ணு கேக்கறேன். அவரு எங்க விழுந்தாரு?"

"குளியலறையில வழுக்கி விழுந்ததா அவனே சொல்லலையா?"

"பன்னெண்டு நாளா அதையேதான் சொன்னாரு. எங்க வீட்டுல குளியலறையே கிடையாது. பொதுக் குளியல்கூடத்துக்கு நான்தான் கூடப் போறேன். நிஜத்தை ஒரே ஒரு தடவை நீங்க சொல்லுங்க. அப்புறம் கூட்டிட்டுப் போங்க, நான் தடுக்கல."

இசொகாய் ஜன்னலைப் பார்த்தார். வாசலைப் பார்த்தார். கார் டிரைவர் சிகரெட் பற்றவைத்துக்கொண்டிருந்தான்.

"மூணாவது கிரேன் ஏணியிலேருந்து" என்றார் மெதுவாக. "பதினஞ்சு அடி. மேல்படி துருப்பிடிச்சிருந்துச்சு. மாத்தணும்னு எழுதிக் குடுத்ததே அவன்தான்."

கினுயோ தலையசைத்தாள். கதவைத் தள்ளினாள்.

ஷிமோதா வடக்கே தலைவைத்துப் படுத்திருந்தான். முகத்தின் மேல் வெள்ளைத் துணி. அவள் சோற்றுக் கிண்ணத்தைத் தலைமாட்டில் வைத்து, இறந்தவருக்குப் படைக்கும் முறைப்படி அவன் சாப்பிடும் குச்சிகளை அதில் நட்டுவைத்தாள்.

"விடியக்காலை நாலு மணிக்கு."

இசொகாய் அப்படியே மண்டியிட்டார். பாயை அறைந்து அறைந்து அழுதார். பதினெட்டு வயதிலிருந்து தன் கையில் வளர்ந்த பையன் என்று சொல்லிச் சொல்லி அழுதார். அது நடிப்பில்லை, நிஜமான அழுகை. கினுயோவே எழுந்துபோய் அவருக்குத் தண்ணீர் கொண்டுவந்தாள்.

தண்ணீரைக் குடிக்கும்போதுதான் தலைமாட்டில் இருந்த தாள் அவர் கண்ணில் பட்டது. ஆலை டாக்டர் எழுதிக்கொடுத்த இறப்புச் சான்றிதழ்.

"டாக்டர் கேட்டப்போ கடைசியா ஒரு தடவை நினைவு வந்துச்சு" என்றாள் கினுயோ. "அப்பவும் அதையேதான் சொன்னாரு."

இசொகாய் விரல் வைத்து ஒவ்வொரு வரியாகப் படித்தார். 'வீட்டுக் குளியலறையில் வழுக்கி விழுந்து.' தாளை இரண்டு கையாலும் பிடித்து, இருந்த இடத்திலேயே வைத்தார். கண்ணைத் துடைத்துக்கொண்டு, பிணத்தின் காலடியில் நெற்றி தரையில் முட்டக் குனிந்தார்.

"ஆயிரத்தைக் காப்பாத்திட்டடா, ஷிமோதா. ரொம்ப நன்றி."