ஆறு மணிக்குள்

“மனைவிக்கு இன்னிக்குப் பிரசவம், ஐயா. புருஷன் பக்கத்துல வேணும்னு அழறாங்க,” என்றார் ஜாமீன் கேட்ட வக்கீல்.

அரசு வக்கீல் எழுந்தார். “அடிதடிக் கேஸ், ஐயா. வாய்த்தகராறுல பிடிச்சுத் தள்ளியிருக்கார். புகார்தாரருக்கு வலது மணிக்கட்டு பிசகிப்போச்சு.”

கடைசி பெஞ்சில் இருந்த பெரியவர் நெளிந்தார். காலையிலிருந்து அவர் பச்சைத் தண்ணீர்கூடக் குடிக்கவில்லை.

நீதிபதி காகிதங்களைப் புரட்டினார். “குற்றம் இன்னும் நிரூபணமாகல. நாளைக்கு அவர் நிரபராதின்னு தீர்ப்பு வந்தா, முதல் குழந்தை பிறந்த நேரத்தை இந்தக் கோர்ட்டால திருப்பிக் கொடுக்க முடியுமா? பத்து நாள் இடைக்கால ஜாமீன்.”

உத்தரவின் நகலை வாங்கப் பெரியவர் நகல் பிரிவுக்கு ஓடினார். வழக்கு எண்ணைக் கேட்டதும் மூச்சுவிடாமல் ஒப்பித்தார்.

“பெத்த பிள்ளைக்காக இந்த வயசுல இப்படி ஓடறீங்களே,” என்று இரக்கப்பட்ட தட்டச்சர், அவருடைய உத்தரவையே முதலில் அடித்துக் கொடுத்தார். பெரியவர் அதை வாங்கிக்கொண்டு டாக்சி பிடித்தார்.

டாக்சியில் இருந்து சிறை வாசலில் குதித்தபோது மணி ஐந்து ஐம்பது. ஆறு மணிக்கு மேல் யாரையும் வெளியே விடமாட்டார்கள்.

“உத்தரவு கொண்டுவந்தவர் பேரெழுதிக் கையெழுத்துப் போடுங்க,” என்று ஜெயிலர் பதிவேட்டை நீட்டினார்.

பெரியவர் இடது கையில் பேனாவைப் பிடித்து, புதிதாக எழுதப் பழகுகிறவர்போல ஒவ்வோர் எழுத்தாக இழுத்தார். அதற்குள் கைபேசி அடித்தது.

“வலி அதிகமாயிடுச்சா? பத்தே நிமிஷம். கூட்டிட்டு வந்துட்டே இருக்கேன்னு சொல்லு.”

உள்கதவு திறந்தது. துணிப்பையோடு சிரித்துக்கொண்டே வந்த இளைஞன், பெரியவரைப் பார்த்ததும் ஒரு காலை உள்ளேயே வைத்து நின்றுவிட்டான்.

“என்ன நின்னுட்டே? டாக்சி காத்துட்டு இருக்கு, வா,” என்று அவன் பையைப் பிடுங்கிக்கொண்டார் பெரியவர்.

ஜெயிலர் பதிவேட்டில் இருந்த பெயரைப் பார்த்தார். வழக்குக் காகிதத்தைப் பார்த்தார். மறுபடியும் பதிவேட்டைப் பார்த்தார்.

“என்னங்க இது, இவரைப் பிடிச்சு உள்ள போடச் சொல்லிப் புகார் கொடுத்ததே நீங்கதானா?”

“புகார் கொடுத்தது மாமனார், சார். கூட்டிட்டுப் போறது தாத்தா.”