பொறுப்புத் தலைமையாசிரியர் ஆடு

காட்டுப் பள்ளியின் தலைமையாசிரியர் யானை ஓய்வு பெற்றதும், அந்த நாற்காலிக்கு ஆமையும் காகமும் மோதிக்கொண்டன.

"நியமன உத்தரவு எனக்குத்தான் முதலில் வந்தது. நான்தான் சீனியர்" என்றது ஆமை.

"வந்து என்ன சார்? நீங்க நடந்து வந்து வேலையில சேர்றதுக்குள்ள நான் அரையாண்டுத் தேர்வே நடத்தி முடிச்சிட்டேன்" என்றது காகம்.

வழக்கு நீதிபதி ஆந்தையிடம் போனது. தீர்ப்பு வரும்வரை இருவரும் நாற்காலியில் உட்காரக் கூடாது என்று தடை போட்டுவிட்டு ஆந்தை தூங்கிவிட்டது.

அதனால், எந்தத் தகுதித் தேர்விலும் தேறாத ஆடு பொறுப்புத் தலைமையாசிரியர் ஆனது. அது விடைத்தாள்களைத் தின்றுவிட்டதால் பிள்ளைகள் எல்லோரும் பாஸ். பெற்றோருக்கு ஆட்டை மிகவும் பிடித்துப்போனது.

பல வருஷம் கழித்துக் கண் விழித்த ஆந்தை, "ஆமையே சீனியர்" என்று தீர்ப்புச் சொன்னது. ஆமை ஆனந்தக் கண்ணீரோடு பள்ளிக்கு நடக்கத் தொடங்கியது. காகம் மனம் உடைந்து மரக்கிளையில் குனிந்து உட்கார்ந்திருந்தது.

ஆடு மூச்சிரைக்க அந்த மரத்தடிக்கு ஓடி வந்தது.

"அநியாயம் சார் இது! விட்டுடாதீங்க. மேல்முறையீட்டுக்கு வக்கீல் நரிகிட்ட பேசிட்டேன். ஆமை சார் வந்து சேர்றதுக்குள்ள நீங்க கையெழுத்து மட்டும் போடுங்க."