காபி டிகாஷனில் கழுவிய படம்

இப்போதெல்லாம் எந்தக் கேமராவும் முகத்தை உள்ளபடி எடுப்பதில்லை, திருத்தித்தான் தருகிறது. எட்டு வயது நிலோஃபரின் கன்னத்து மச்சம் ஒரு படத்திலும் விழுந்ததில்லை. அது ஏதோ தப்பு என்று நினைத்து, அதைக் கையால் மறைத்தபடியே பேசுவாள்.

மாடி வீட்டு ரெஜினா பழைய பிலிம் சுருளில் பரிசோதனைக் குறும்படங்கள் எடுப்பவள். "இவ முகத்த அப்படியே எடுத்துக் குடும்மா" என்று மகளை அழைத்துப் போனார் யாகூப்.

ரெஜினா சிறுமியை மொட்டைமாடியில் ஓடவிட்டு எடுத்தாள். பிலிமை ரசாயனத்துக்குப் பதில் காபி டிகாஷனில் கழுவி, தூசியைக்கூடத் துடைக்காமல் புரொஜெக்டரில் போட்டுச் சுவரில் ஓட்டினாள். துடைப்பது அவளுக்குப் பிடிக்காது.

படம் முழுக்கக் கரும்புள்ளிகள். யாகூபின் முகம் சுண்டிவிட்டது.

"இதுல மச்சம் எதுன்னே தெரியலையேம்மா."

நிலோஃபர் கன்னத்திலிருந்து கையை எடுத்துச் சுவரில் ஒரு புள்ளியைக் காட்டினாள்.

"மத்ததெல்லாம் வந்து வந்து போயிடுது அத்தா. இது மட்டும் என்கூடவே ஓடி வருது."