நடுவில் நின்ற காட்சி

கட்டின மனைவியின் கண் முன்னாலேயே ஜனார்த்தன் இன்னொருத்தியின் கழுத்தில் தாலி கட்டிக்கொண்டிருந்தான். சுகந்தினியோ மோதகத் தட்டைக் கையில் ஏந்தியபடி, முகமெல்லாம் பல்லாகப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"இதுவும் நாடகமோ?" என்று தொலைக்காட்சியைக் காட்டிக் கேட்டார் அவளுடைய அப்பா ஜெயரட்ணம். சோபாவின் நுனியில் ஒட்டியும் ஒட்டாமலும் உட்கார்ந்திருந்தார்.

"ஓமப்பா. ஜெர்மன் டிவிக்கு எடுத்தது, பாதியிலை நிப்பாட்டிப்போட்டாங்களாம். இவரின்ரை லாப்டொப்பிலை சும்மா கிடந்ததை நான்தான் இவர் நடிச்ச மற்றத் துண்டுகளோடை சேர்த்தனான்."

இந்த நாட்டுக்கு வருமுன் ஜெர்மன் தொடர்களில் பதினைந்து வருடம் துணை நடிகனாக இருந்தவன் ஜனார்த்தன். டாக்சி ஓட்டினான், கோப்பை கழுவினான், அகதியாக அழுதான், துப்பறியும் தொடர்களில் பிணமாகவும் கிடந்தான். ஒரு வேடத்துக்கும் பெயர் கிடையாது. பிணத்துக்காவது அந்தப் பாவிகள் ஒரு பெயர் வைத்திருக்கலாம் என்று சுகந்தினிக்கு ஆற்றாமை.

அப்பாவின் ஆற்றாமை வேறு. "நடிகனை எப்பிடிப் பிள்ளை நம்புறது?" என்று கலியாணத்துக்கே வராமல் இருந்துவிட்டவர் அவர். "அவர் வீட்டிலை நடிக்கமாட்டார், அதுக்கு நான் பொறுப்பு" என்று சண்டை பிடித்துக்கொண்டுதான் இவள் அவனைக் கட்டினாள்.

மூன்று வருடம் வாசல் மிதிக்காத மனிதர், இங்கே கிளென் ஈடன் என்ற ஊரில் புது வீட்டுக்குப் பால் காய்ச்சுகிறோம் என்றதும் இளகி வந்திருக்கிறார். கோயில் திருவிழாவுக்காக ஜெர்மனியிலிருந்து வந்திருந்த ஐயரையும் கையோடு கூட்டி வந்திருந்தார். ஐயர் வெளிக்குழாயில் கால் கழுவிக்கொண்டிருந்தார். பால் காய்ச்சும் வீட்டில் பாலை மறந்துவிட்டு, ஜனார்த்தன் தெரு முனையிலுள்ள டெயரிக் கடைக்கு ஓடியிருந்தான்.

"எல்லாத்திலையும் ஓரத்திலை நிக்கிறான். இதிலை மட்டும் முழுக்க நடுவிலை நிக்கிறானே?" என்றார் அப்பா.

"அதுதானே அப்பா! இந்த ஒண்டிலைதான் அவர் கதாநாயகன்."

திரையில் மணப்பெண் வெட்கத்தோடு நிமிர்ந்து அவனைப் பார்த்தாள். இந்த இடம் வரும்போதெல்லாம் சுகந்தினி திரையிலிருந்து கண்ணை எடுத்துவிடுவாள். நடிப்பென்று தெரிந்தாலும் பெண்டாட்டி மனது கேட்குமா?

அப்பா முதல் தடவையாகச் சிரித்தார். "கெட்டிக்காரன்தான்" என்றார். அந்த ஒரு சொல்லுக்காக மூன்று வருடம் காத்திருந்தவளுக்குக் கண் கலங்கிவிட்டது.

அப்போதுதான் ஐயர் உள்ளே வந்தார். சுகந்தினி அவரைப் பார்த்தாள், திரையைப் பார்த்தாள், மறுபடியும் அவரைப் பார்த்தாள். திரையில் தாலியை எடுத்துக் கொடுத்தவர் இவரேதான். அதே கட்டைக் குடுமி, அதே பெரிய சந்தனப் பொட்டு.

"ஐயா! நீங்களும் இதிலை நடிச்சனீங்களோ?" என்று துள்ளினாள்.

பால் போத்தலோடு வாசலுக்கு வந்த ஜனார்த்தன், ஐயரைக் கண்டதும் சப்பாத்தைக் கழற்றாமல் அப்படியே நின்றுவிட்டான். பிணமாகக் கிடந்த நாட்களில்கூட அவன் முகம் இவ்வளவு வெளிறியதில்லை.

ஐயர் அவனைக் கவனிக்கவில்லை. "நடிப்போ? எனக்கு மந்திரத்தை விட்டா என்ன தெரியும்? இது நான் செய்து வைச்ச கலியாணமெல்லோ, பிள்ளை."

சுகந்தினிக்கு அப்பாவின் பக்கம் திரும்பத் தைரியம் வரவில்லை.

ஐயர் திரையிலிருந்த மணப்பெண்ணைப் பரிவோடு பார்த்தார்.

"பாவம், வெள்ளிக்கு வெள்ளி இப்பவும் புருசன்ரை பேருக்கு அருச்சனை செய்விக்கிறவ."