அண்ணாந்து படிக்கவும்

"கூரைக்குத் தகரமா? அரசாங்கம் தகரம் குடுக்கிறது வாசகம் எழுதறதுக்கும்மா. நீ ஒழுகாம தூங்கறதுக்கில்ல."

வட்ட ஆபீசில் நாலு பேர் முன்னால் தலைவர் ஊ போ லா விரட்டியடித்ததும் மா சான் யீக்கு வயிறு எரிந்தது. பாவி, நல்லாயிருப்பானா?

பர்மாவின் பெகு ஊரில் அடித்த காற்றில் அவள் டீக்கடைக் கூரை பாதி பறந்துவிட்டது. கடைக்குள்ளேதான் வீடும். தெருமுனையிலோ, புத்தம்புதுத் தகரத்தில் சிவப்புப் பலகை ஒன்று சும்மா நனைந்துகொண்டு நின்றது: "படை இருக்க மக்களுக்குப் பயமேது?"

மகளின் பிரசவத்துக்காக மூன்று நாள் ஆஸ்பத்திரியில் கிடந்துவிட்டு, தாயும் சேயுமாகக் கூட்டி வந்தாள். கூரை மூடியிருந்தது. எந்த மகராசன் செய்தானோ என்று அண்ணாந்தாள்.

தலைக்கு மேலே, சிவப்பில், அதே வாசகம். தெரிந்தால் ஜெயில்தான்.

பிரித்துப்போட ஏணி தேடுவதற்குள் ஜீப் வந்துவிட்டது. தெருமுனையில் வெறும் கம்பம் இரண்டைப் பார்த்துவிட்டுக் கொதித்துப்போயிருந்தார் தளபதி. பின்னாலேயே ஊ போ லா.

"வீடு வீடா நுழைஞ்சு தேடறேங்கய்யா. எடுத்தவன் தோலை உரிச்சிடறேன்."

மழை பிடித்துக்கொண்டது. ஒதுங்க இடம் தேடி நேரே டீக்கடைக்குள் வந்தார்கள். முக்காலியில் உட்கார்ந்த தளபதி, ஒரு சொட்டுகூட விழவில்லையே என்று நிமிர்ந்தார். நிமிர்ந்தவர் அப்படியே இருந்தார்.

"என்னம்மா இது?"

உள்ளே குழந்தை சிணுங்கியது. அது சான் யீக்குக் கொடுத்த தைரியம்தான்.

"தெருவுல இருந்தா போறவன் வர்றவன் ஒருதரம் பார்ப்பான், போயிடுவான்யா. இங்கன்னா டீ குடிக்கிற நேரம் பூரா படிக்கிறான். எம்பேத்தி வீட்டுக்கு வந்ததும் கண்ணு முழிச்சுப் பார்த்ததே இதைத்தான்."

தளபதியின் முகம் மலர்ந்தது. ஊ போ லா பக்கம் திரும்பினார்.

"இந்தம்மாவுக்கு இருக்கிற நாட்டுப்பற்று உமக்கு இல்லையேய்யா. இந்த மாசத்துக்குள்ள வட்டம் பூரா வீட்டுக்கு ஒரு பலகை. எழுத்து உள்பக்கம் தெரியணும்."

"உத்தரவுங்கய்யா."

ஜீப் போய்விட்டது. ஊ போ லா மட்டும் நகரவில்லை. இன்றைக்குத் தொலைந்தோம் என்று சான் யீ கையைப் பிசைந்தாள்.

"தலைவரே, சத்தியமா நான் எடுக்கலே. யாரு மாட்டினாங்கன்னே தெரியாது."

அவர் அதைக் காதில் வாங்கவே இல்லை. கூரை மூலையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"அந்த மூலைக்கு அன்னிக்கே ரெண்டு ஆணி பத்தல. சாயங்காலம் வந்து அடிச்சிடறேன்மா, ஏணியை மட்டும் எடுத்து வை."