ஹொல்ம்லியாவில் எடிசனின் ஆய்வுகூடம்

யன்னலில் பனி வெளிச்சம். இரவு வேலை முடிந்து வந்த லதீசன் சப்பாத்தைக்கூடக் கழற்றாமல் அப்பாவின் மணிக்கட்டை முறுக்கிப் பிடித்துக்கொண்டு நிற்கிறான். மேசையில், தங்கை யதுர்ஷா இன்று பள்ளிக்குக் கொண்டுபோகவென்று அட்டையில் செய்த எடிசனின் ஆய்வுகூடம் கிடக்கிறது. கூரை அப்பாவின் முதல் குத்திலேயே உள்ளே போய்விட்டது. தட்டுகளில் அடுக்கியிருந்த மருந்துக் குப்பிகள் நொறுங்கி, அவருடைய கையிலிருந்து இரத்தம் சொட்டுகிறது. இடிபாட்டுக்குள் நிற பல்புகள் விட்டுவிட்டு எரிகின்றன. சாமிப் படத்தைச் சுற்றியிருந்து கழற்றிப் பூட்டிய பல்புகள் அவை. வெள்ளிக்கிழமை விளக்குக் கொளுத்த வந்த அப்பா முருகனை இருட்டில் கண்டிருக்கிறார்.

"கரண்ட் படிப்பைப் பாதியிலை விட்டவர் தங்கச்சிக்கு வயர் பூட்டிக் குடுக்கிறார்," என்கிறார் அப்பா, லதீசனைப் பார்த்துப் பல்லைக் கடித்தபடி. "கையை விடடா." "இன்னொருக்கா ஓங்கினால் முறிப்பன், அப்பா." யதுர்ஷா அழவில்லை. ஆய்வுகூடத்துக்குள் கையை விட்டு, சுவர்கள் கிழிந்து வர, பல்புச் சரத்தை ஒரே இழுவையில் பிடுங்கி அப்பாவின் காலடியில் எறிகிறாள். "இந்தாங்கோ, கொண்டுபோய்ச் சாமிப் படத்திலை கொழுவுங்கோ." பல்புகள் அணைந்துவிட்டன. இனிக் காப்பாற்ற மேசையில் ஒன்றுமில்லை. லதீசன் அப்பாவின் கையை விடவில்லை. இன்னும் கொஞ்சம் முறுக்குகிறான்.