மூணு அங்குல விரோதம்

“சாட்சிக் கையெழுத்துக்கு உங்கப்பாவுக்கு வேற ஆளே கிடைக்கலையா?” வக்கீலம்மா தலையில் கை வைத்துக்கொண்டார்.

உயிலில் கையெழுத்துப் போட்ட சாட்சிகள் இரண்டு பேர். ஒருவர் போய்ச் சேர்ந்துவிட்டார். மிச்சம் இருப்பவர் பக்கத்து வீட்டு வெடிகுண்டு. தெருவே வைத்த பேர் அது. மதில் சுவர் மூணு அங்குலம் தள்ளி வந்துவிட்டதென்று இருபது வருஷம் அப்பாவோடு மல்லுக்கு நின்ற மகானுபாவர்!

அசல் உயிலைக் காணோம். வீட்டையே புரட்டிப் போட்டாயிற்று. கையில் இருப்பது ஒரு ஜெராக்ஸ். “அப்பாவே மனசு மாறிக் கிழிச்சுப் போட்டுட்டார். வீட்டுல எனக்கும் பாதி” என்று அண்ணன் கோர்ட்டுக்குப் போய்விட்டான். தோற்றால் வீட்டை விற்க வேண்டியதுதான். முன்னறையில் தையல் மெஷின் போட்டுப் பிழைக்கிற தங்கை எங்கே போவாள்?

“அவர் வாயைத் திறந்தா என் கதை கந்தல், மேடம்” என்றாள், அழாத குறையாக.

வெடிகுண்டு கூண்டில் ஏறும்போதே வெடித்தார்.

“ஐயா, அந்தாளு ஒரு அடாவடி! மூணு அங்குலம்! என் மண்ணு!”

“சுவரை விடுங்க, உயிலுக்கு வாங்க” என்றார் நீதிபதி.

“அந்தச் சுவர் மேல வெச்சுத்தானே கையெழுத்தே போட்டேன்!”

கோர்ட்டே சிரித்தது. அண்ணனின் வக்கீல் எழுந்தார்.

“ஜென்ம விரோதிக்கு எதுக்குய்யா கையெழுத்துப் போட்டீங்க?”

“நானும் அதையேதான் கேட்டேன். ‘நீ எனக்காகப் பொய் சொல்றேன்னு ஒரு பய சொல்ல மாட்டான்’னாரு. நியாயமாப் பட்டுச்சு, போட்டேன்.”

“அப்புறம் அவர் மனசு மாறிக் கிழிச்சிருக்கலாம் இல்லையா?”

“யாரு, அந்தாளா? சாகறதுக்கு முந்தின நாள்கூடச் சுவருக்கு மேல தலையை நீட்டி, ‘வீட்டை என் பொண்ணுக்கு எழுதி வெச்சாச்சுடா! நான் போனாலும் அவ உன்னை விடமாட்டா’ன்னு கத்தினாரு. நான் மட்டும் சும்மா இருப்பேனா? ‘அவளையும் ஒரு கை பார்க்கிறேன்டா’ன்னேன். உயில் எழுதினதுலேருந்து ஆறு வருஷமா, தினம் காலையில ஆறு மணிக்கு இதே பாட்டு! உங்க கட்சிக்காரர்கூட ஒருநாள் காதைப் பொத்திக்கிட்டு நின்னாரே, கேளுங்க!”

அண்ணன் செருப்பு நுனியைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். பின் வரிசையில் தெருக்காரர்கள், “ஆமாங்கய்யா, எங்க தூக்கமே போச்சு” என்று கோரஸ் பாட, நீதிபதி மேஜையைத் தட்ட வேண்டியதாயிற்று.

அடுத்த மாதம் தீர்ப்பு வந்தது. உயில் செல்லும். வீடு தங்கைக்கு!

சந்தோஷத்தில் தலைகால் புரியாமல் கோர்ட் வராந்தாவில் ஓடிவந்தாள்.

“மாமா! எங்கப்பாவை அவ்வளவு வெறுத்தும் உள்ளதை உள்ளபடி சொன்னீங்களே! நாளைக்கே சுவரை இடிச்சு உங்க மூணு அங்குலத்தைக் கொடுத்துடறேன்.”

“போடி பைத்தியம். சுவர் கிடக்கட்டும்.” வெடிகுண்டு சட்டைக் கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். “அவன் போனதிலிருந்து ஆறு மணியானா சுவர்கிட்டப் போய் நின்னுடறேன்.”

அவள் விழித்தாள். அவர் சுற்றுமுற்றும் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார்.

“கையெழுத்துப் போட்ட அன்னைக்கே, ‘போதும்டா, ராசியாயிடலாம்’னு அவன் கையைப் பிடிச்சேன். ‘ராசியானா உன் சாட்சி எடுபடாதுடா. நாளைக்குக் காலையில ஆறு மணிக்கு வந்து திட்டு, தெருவுக்கே கேட்கணும்’னுட்டான் உங்கப்பன்!”